உப்பும் பனியாறும் – ஜார்ஜியப் பேசாப்படங்கள் சில

காக்கசஸ் மலைத்தொடரின் தென்சரிவில், ஜார்ஜிய நாட்டின் ராச்சா வட்டாரத்தில், புபா என்றொரு பனியாறு உண்டு. 1930ஆம் ஆண்டில் அப்பனியாற்றின் பெயரையே தலைப்பாகக் கொண்டு ஒரு பேசாப்படம் வெளிவந்தது. அது ஓடும் நேரம் ஏறத்தாழ 40 நிமிடம். அதில் கதைத்தலைவனும் இல்லை, தலைவியும் இல்லை. மலையில் வாழ்வோரும், அவர்கள்தம் உழைப்பும், அவர்கள் தலைக்குமேல் எந்நேரமும் நிற்கும் பனியுமே அப்படத்தின் பொருள். அதனை இயக்கியவர் நுத்சா கோகோபெரிட்ஸே. 1902இல் பிறந்தவர். ஜெர்மனியின் யேனா நகரில் தத்துவம் பயின்றவர். ஜார்ஜியாவில் திரைப்படம் இயக்கிய முதற் பெண்மணி அவரே.

சில ஆண்டுகளில் அப்படம் திரையிலிருந்து மறைந்தது. இயக்கியவரின் பெயரும் திரைப்பட வரலாற்று நூல்களிலிருந்து மறைந்தது. மாஸ்கோவுக்கு அருகிலுள்ள அரசுத் திரைப்படக் காப்பகத்தில் 2013ஆம் ஆண்டு வாக்கில் அச்சுருள் கண்டெடுக்கப்பட்டது. இடைப்பட்ட காலம் எண்பது ஆண்டுக்கு அணித்தானது. இவ்வளவு நீண்ட மறைவுக்கு உள்ளாக அச்சிறு படத்தில் என்ன இருந்தது என்பது கேட்கத்தக்க வினா. அவ்வினாவுக்கு விடை காண வேண்டுமாயின் 'புபா'வை மட்டும் பார்த்தல் போதாது. 1920களின் இறுதியில் அந்நாட்டில் எடுக்கப்பட்ட வேறு சில பேசாப்படங்களையும், அவற்றை எடுத்தவர்கள் பட்ட பாட்டையும் சேர்த்தே நோக்குதல் வேண்டும்.

ஜார்ஜியத் தலைநகரான திபிலிசியில் முதன்முதலாகப் படம் காட்டப்பெற்றது 1896 நவம்பரில். பாரிசு நகரில் லூமியேர் உடன்பிறந்தார் தம் படங்களைக் கட்டணம் பெற்றுக் காட்டி ஓராண்டும் நிறையாத காலம் அது. அயல்நாட்டார் கொண்டுவந்த கருவியை அந்நாட்டவரே கையாளத் தொடங்கியபோது முதலில் படம்பிடித்தவற்றுள் ஒன்று, ஒரு கவிஞரின் பயணமாக இருந்தது மொழிப்பற்றுடையோர் உளம்கொளத் தக்கது. மக்கள் பெரிதும் போற்றிய முதுகவிஞர் அக்காக்கி செரெத்தெலி 1912இல் ராச்சா, லெச்சுமி ஆகிய மலைவட்டாரங்களுக்குச் சென்றார். வாசில் அமாசுகெலி என்பார் அவருடன் சென்று அப்பயணத்தைப் படமாக்கினார். கவிஞருக்கு அப்போது 72 வயது. வழியெங்கும் மக்கள் திரண்டு வரவேற்ற காட்சிகள் அதில் உள்ளன. ஆக, படப்பெட்டி மலையேறியது கட்டளைக்காக அன்று. கவிஞரை வழிபடும் அன்பினால். பதினெட்டு ஆண்டு கழித்து நுத்சா சென்றதும் அதே ராச்சாவுக்கே.

இடையில் நாட்டின் நிலை இருமுறை மாறிற்று. 1918இல் ஜார்ஜியா தனிக்குடியரசாயிற்று. அக்குடியரசு மூன்றாண்டே நீடித்தது. 1921 பிப்ரவரி 25ஆம் நாள் செம்படை திபிலிசிக்குள் புகுந்தது. அதே ஆண்டில் கல்வித்துறையின்கீழ்த் திரைப்படப் பிரிவொன்று அமைக்கப்பெற்றது. 1923இல் அது அரசுத் திரைப்பட நிறுவனமாக வளர்ந்தது. புதிய ஆட்சி இவ்வளவு விரைவாகப் படத்தொழிலைக் கைக்கொண்டதற்குக் காரணம் வெளிப்படை. எழுத்தறியாதோர் மலிந்திருந்த காலத்தில், சுவரொட்டியையும் செய்தித்தாளையும் எட்டாத கண்களைத் திரை எட்டியது.

புதிய ஆட்சியின்கீழ் வந்த முதற் கதைப்படம் இவான் பெரெஸ்தியானி இயக்கிய 'ஆர்செனா ஜோர்ஜியாஷ்விலி' (1921). 1906இல் திபிலிசியில் சார் மன்னரின் படைத்தலைவர் ஒருவரைக் கொன்று தூக்கிலேறிய தொழிலாளியின் கதை அது. தலைமை வேடம் ஏற்ற இளைஞர் மிகேய்ல் சியாவுரெலி. அவரைப் பற்றிப் பின்னர் ஓரிடத்தில் சொல்ல நேரும். பெரெஸ்தியானியே 1923இல் எடுத்த 'சிவப்புக் குட்டிச்சாத்தான்கள்' சோவியத் நாடு முழுவதும் கொண்டாடப்பட்டது. இத்தகைய பெரும்படங்கள் திரையரங்குகளை நிறைத்தன. இங்கு அவற்றைவிட நோக்குதற்குரியவை, அவற்றின் நிழலில் எடுக்கப்பட்ட சிறிய படங்களே.

சோவியத் திரைத்துறையில் அறிவூட்டும் படங்கள் என்றொரு வகை அக்காலத்தில் வேரூன்றியிருந்தது. நோய், வேளாண்மை, நிலவியல், தொலைதூர மக்களின் வாழ்க்கை ஆகியன அவற்றின் பொருள். ஒரு சுருள் பத்து முதல் பதினைந்து நிமிடம் ஓடும். நான்கைந்து சுருளில் ஒரு படம் முடிந்துவிடும். படத்தின் நடுவே எழுத்தட்டைகள் தோன்றும். அவ்வட்டைகளை மட்டும் மாற்றினால் ஒரே படம் ஜார்ஜிய மொழியிலும் ரஷ்ய மொழியிலும் ஓடும். பேசும் படத்திற்கு இல்லாத இவ்வசதி, பல மொழி வழங்கிய ஒரு பெருநாட்டிற்கு எத்துணைப் பயன்பட்டிருக்கும் என்பதை எளிதில் உணரலாம். படச்சுருளோ அருமையான பொருள். சோவியத் நாட்டில் கச்சாச் சுருள் செய்யும் ஆலைகள் 1931 வாக்கில்தான் இயங்கத் தொடங்கின. அதுவரை ஒவ்வோர் அடிச் சுருளும் அயல்நாட்டுப் பணம் கொடுத்து வாங்கியதே. அவ்வாறு வாங்கிய சுருளை மலைச்சிற்றூர் ஒன்றின் வைக்கோற்போரைப் படம்பிடிக்கச் செலவிட்டவர்களுக்கு ஓர் உறுதி இருந்திருத்தல் வேண்டும்.

1928இல் நுத்சாவும் மிகேய்ல் கலத்தோசோவும் இணைந்து 'அவர்களின் அரசு' என்னும் படத்தை உருவாக்கினர். கலத்தோசோவ் திபிலிசியில் பிறந்தவர். நுத்சாவினும் ஓராண்டு இளையவர். ஒளிப்பதிவு கற்று இயக்குநர் நிலைக்கு வந்தவர். 1918 முதல் 1921 வரை நிலவிய குடியரசின் தலைவர்களை எள்ளுதல் அப்படத்தின் நோக்கம். அதற்கென அவர்கள் கையாண்டவை, அக்குடியரசின் காலத்திலேயே எடுக்கப்பட்ட செய்திப்படத் துண்டுகள். பழிப்பதற்காகவேனும் அவற்றை மீண்டும் ஒட்டிக் கோத்தமையின், வீழ்ந்துபட்ட அரசின் முகங்கள் மீண்டும் திரைக்கு வந்தன. இப்படம் இன்று முழுமையாகக் கிடைக்கவில்லை. இவ்விருவரும் இதன்பின் தனித்தனியே மலைக்குச் சென்றனர். ஒருவர் மேற்கிலுள்ள ஸ்வானேத்திக்கு. மற்றவர் அதன் அண்டையிலுள்ள ராச்சாவுக்கு.

அதே 1928இல் வெளிவந்த நீண்ட கதைப்படம் ஒன்றையும் இவ்விடத்தில் விட்டுச்செல்ல இயலாது. நிக்கொலாஸ் ஷெங்கெலாயா இயக்கிய 'எலிசோ', 1864இல் சார் ஆட்சியினர் செச்சென் மக்களின் சிற்றூர் ஒன்றைக் காலிசெய்து துருக்கிக்குத் துரத்திய கதையைச் சொல்வது. அலெக்சாண்டர் கஸ்பெகியின் கதையைத் தழுவியது. வெளியேறும் மக்கள் வழியில் தங்கியிருக்கையில் ஒரு பெண் இறக்கிறாள். ஒப்பாரி எழுகிறது. துயரம் கூட்டத்தையே உடைத்துவிடும் என்று கண்ட ஊர்முதியவர், அழுகையை நிறுத்த வேறு வழி காணாது, ஆடத் தொடங்குகிறார். ஒருவர் கைதட்டுகிறார், பிறகு பலர், பிறகு ஊரே ஆடுகிறது. காட்சிகள் வரவரக் குறுகி, விரைந்து, ஒன்றன்மேலொன்று விழுகின்றன. ஒலியே இல்லாத படத்தில் பறையொலி கேட்பது போன்ற மயக்கம் உண்டாகிறது. இப்படம் வெளிவந்து பதினாறு ஆண்டுகள் சென்றபின், 1944 பிப்ரவரியில், சார் ஆட்சியைக் கண்டித்த அதே சோவியத் அரசு செச்சென், இங்குஷ் மக்கள் ஏறத்தாழ 5 லட்சம் பேரைச் சரக்கு வண்டிகளில் ஏற்றி மைய ஆசியாவுக்கு அனுப்பியது. ஷெங்கெலாயா அதற்கு முன்னரே 1943இல் காலமாகிவிட்டார்.

'எலிசோ'வின் திரைக்கதையில் பங்குகொண்ட ரஷ்ய எழுத்தாளர் செர்கெய் த்ரெத்யக்கோவ், ஸ்வானேத்தியிற் பயணம் செய்து அம்மலைமக்களைப் பற்றி எழுதியவர். கற்பனைக் கதையினும் நேரிற் கண்ட செய்தியே புதிய கலைக்கு அடிப்படை என்பது அவர் கொள்கை. கலத்தோசோவின் 'ஸ்வானேத்திக்கு உப்பு' (1930) அவர் தந்த செய்திகளிலிருந்து பிறந்தது. முதலில் அங்குக் கதைப்படம் ஒன்றே எடுக்கத் தொடங்கினர்; அது நிறைவுறாதுபோக, அதன் காட்சிகளையும் சேர்த்து இப்படத்தைக் கோத்தனர்.

உஷ்குலி என்னும் ஊர் கடல்மட்டத்திற்குமேல் ஏறத்தாழ 2,100 மீட்டர் உயரத்தில் உள்ளது. வீடுதோறும் கற்கோபுரம் ஒன்று நிற்கும். பகைவர் வரின் ஏறி ஒளிந்துகொள்ளவும், மேலிருந்து கல்லெறியவும் கட்டப்பட்டவை அவை. ஆண்டின் பெரும்பகுதி பனியால் வழி அடைபட்டுக் கிடக்கும். நூலும் ஆடையும் கயிறும் உணவும் ஊரிலேயே உண்டாக்கிக் கொண்ட அம்மக்களிடம் இல்லாதது ஒன்றே, உப்பு. அதற்காக ஆடவர் பனிக்கணவாய் கடந்து செல்வர். சுமை தூக்கித் திரும்புவர். பனிச்சரிவில் புதைவோரும் உண்டு. சங்கப் பாடல்களில் உமணர் உப்புவண்டி நிரையைக் கண்டு பழகிய தமிழ் வாசகர்க்கு, வண்டியும் எருதும் செல்லாத வழியில் முதுகே வண்டியாகும் இக்காட்சி புதிதாக இருக்கும்.

உப்பின்மையை ஒரு குறையென எழுத்தட்டையிற் சொல்லிவிட்டுப் போயிருக்கலாம். கலத்தோசோவ் அவ்வாறு செய்யவில்லை. உழைத்து வியர்த்த மனிதனின் கழுத்தைப் பசு நக்குகிறது. மனிதன் சிறுநீர் கழித்த இடத்தை மாடு நாடிச் செல்கிறது. உப்புக்கான தவிப்பு விலங்கின் நாவில் தெரிகிறது. பார்ப்பவர் முகம்சுளிக்கத்தான் செய்வர். ஆயினும் அதன்பின் உப்பு என்னும் சொல் அவர்க்கு வேறு சொல்லாகிவிடும். கோபுரத்தின் உச்சியிலிருந்து கீழ்நோக்கியும், கதிரறுப்போரின் காலடியிலிருந்து மேல்நோக்கியும், தொங்குபாலத்தோடு தானும் அசைந்தும் படப்பெட்டி இயங்குகிறது. ஏழை ஒருவனின் தோள் வானத்தை மறைத்து எழும்போது அவன் மலைக்கு நிகராகிறான்.

படத்தின் பிற்பகுதி வேறுவகையானது. செல்வன் ஒருவனின் இறுதிச்சடங்கு நடைபெறுகிறது. அவனுக்குப் பலியாகக் குதிரையை இளைத்து வீழும்வரை ஓட்டுகின்றனர். கருவுற்ற பெண்ணொருத்தி, சாவுநாளில் பிறப்பு தீட்டென்று விரட்டப்படுகிறாள், வெளியே தனித்துக் கிடந்து ஈனுகிறாள், குழந்தை இறக்கிறது, தாய் தன் பாலைக் கல்லறை மண்ணிற் பீய்ச்சுகிறாள். பிறகு கோடரிகளும் சாலை அமைப்போரும் வருகின்றனர். காடு வெட்டுண்டு வழி பிறக்கிறது; உப்பு வரப்போகிறது. படம் முடிகிறது.

இச்சடங்குகள் தம்மிடையே இல்லையென்றும் தம்மை இழிவாகக் காட்டியதென்றும் ஸ்வான் மக்கள் குறைப்பட்டனர். அவர்கள் குறையில் நியாயம் உண்டு. ஒரு மக்கட்கூட்டத்தின் மூடப்பழக்கம் எவ்வளவு கொடிதாகக் காட்டப்படுகிறதோ அவ்வளவுக்குச் சாலை போடும் அரசின் பெருமை உயரும் என்னும் கணக்கு அங்கே தெரிகிறது. ஆனால் வியப்பு என்னவெனில், ஆட்சியாளர்க்கும் படம் பிடிக்கவில்லை. சாலை காட்டும் பகுதி சிறிது, பனியும் பசியும் சாவும் பெரிது, அழகும் பெரிது. பழமையிற் படப்பெட்டி இத்துணை ஈடுபட்டு நிற்பது அவர்களுக்குப் பொறுக்கவில்லை. பொருளைவிட வடிவத்திற் பற்றுடையவன் என்னும் பழி, உருவவாதி என்ற பெயரில், கலத்தோசோவ்மீது விழுந்தது. அக்காலத்தில் அச்சொல் வெறும் திறனாய்வுச் சொல்லாக வழங்கவில்லை.

'புபா'வும் ஏறத்தாழ இதே செய்தியைச் சொல்லப் புகுந்ததே. எட்டாத மலையூர், கடும்வாழ்க்கை, வரப்போகும் புதுவாழ்வு என்னும் முறை இரண்டிற்கும் பொது. இரு படங்களிலும் காட்சியமைப்புக்குத் துணைநின்ற ஓவியரும் ஒருவரே. அவர் தாவித் கக்கபாட்ஸே. பாரிசில் ஏழாண்டுக்குக் குறையாமல் வாழ்ந்து, அங்குள்ள புத்தோவியரோடு பழகி, கண்ணாடி அணியாமலே திரையில் ஆழம் தோன்றச் செய்யும் ஒரு கருவிக்கும் உரிமை பெற்று, 1927இல் தாயகம் மீண்டவர். அவர் 1918இல் தீட்டிய 'இமெரேத்தி – என் தாய்' என்ற ஓவியத்தில் மூதாட்டி ஒருவர் அமர்ந்திருக்க, அவர் பின்னே மலைச்சரிவின் வயல்கள் ஒட்டுத்துணி தைத்தாற்போல் விரிந்து கிடக்கும். அக்கண்தான் இப்படங்களிலும் சரிவுகளைப் பார்க்கிறது.

ஆயினும் இரு படங்களையும் அடுத்தடுத்துப் பார்ப்பவர்க்கு வேறுபாடு விளங்காமற் போகாது. கலத்தோசோவ் உச்சத்தை நாடுகிறார். நுத்சா நாளாந்த வேலையை நாடுகிறார். அவர் படத்தில் வெறியூட்டும் பலியில்லை, கல்லறைப் பால் இல்லை. மலைச்சரிவில் நிற்றலே பாடாகிய இடத்தில் மக்கள் வேலை செய்கின்றனர். பனியாறு அருகிலேயே உள்ளது. அது அழகாகவும் இருக்கிறது, அச்சமாகவும் இருக்கிறது. அரசு கொண்டுவரும் மாற்றத்தையும் படம் காட்டுகிறது. ஆனால் பழையதை இழித்துரைத்துப் புதியதை ஏற்றிச் சொல்லும் அவசரம் அதில் இல்லை. கலைத்திறத்தால் 'ஸ்வானேத்திக்கு உப்பு' மேலானது என்பதில் ஐயமில்லை. எனினும் அம்மலைமக்களில் ஒருவர் தம் பாட்டியின் முகத்தைத் தேடிப் பார்க்க விரும்பினால், அவர்க்கு ஏற்றது 'புபா'வே.

மலையை விட்டு நகரத்துக்கு வந்தால், அங்கு எடுக்கப்பட்ட படம் ஒன்றுக்கு நேர்ந்த கதி இன்னும் வெளிப்படையானது. கோட்டே மிக்காபெரிட்ஸே 1929இல் எடுத்த 'என் பாட்டி' ஓர் எள்ளற்படம். அலுவலகத்தில் வேலை செய்யாது காலம் கழிக்கும் அதிகாரி ஒருவன் வேலையிழக்கிறான். மீண்டும் ஓரிடம் பெற அவனுக்குத் தேவை ஒரு 'பாட்டி'. மேலிடத்தில் சிபாரிசு செய்யவல்ல ஆளுக்கு அங்கு வழங்கிய குறிப்புப்பெயர் அது. பொம்மைகள் உயிர்பெற்று ஆடுகின்றன, மேசைகள் வட்டமாய் விரிகின்றன, கோப்புகள் பறக்கின்றன. சிபாரிசுக் கடிதத்திற்காக அலைந்தவர் எந்த நாட்டவராயினும் இப்படத்தைப் பார்த்துச் சிரிக்கலாம். அதிகாரிகள் சிரிக்கவில்லை. படம் தடைசெய்யப்பட்டு, 1970களில்தான் மீண்டும் வெளிச்சம் கண்டது.

கலத்தோசோவின் அடுத்த படமாகிய 'காலணியில் ஆணி'யும் அவ்வாறே நிறுத்தப்பட்டது. 1931இல் எடுத்த அப்படத்தில், பகைவரிடம் சிக்கிய கவசத் தொடர்வண்டிக்கு உதவி கேட்டு ஓடும் வீரன், காலணியில் முளைத்த ஆணி குத்தி நடக்க மாட்டாமல் விழுகிறான். வண்டி அழிகிறது. அவனைக் குற்றவாளிக் கூண்டில் நிறுத்துகின்றனர். காலணி தைத்த தொழிலாளரே அவனைக் குற்றஞ்சாட்டும் கூட்டத்தில் இருக்கின்றனர். அவன் திரும்பி அவர்களைக் கேட்கிறான். ஒழுங்காக வேலைசெய்க என்று அறிவுரை கூறவே எடுத்த படம். செம்படையின் காலணியில் ஆணி முளைக்குமா என்று கேட்டவர்கள் அதனைத் தடுத்துவிட்டனர். கலத்தோசோவ் அதன்பின் சில ஆண்டுகள் படமெடுக்கவில்லை. நிர்வாகப் பொறுப்புகளில் இருந்தார். 1957இல் அவர் எடுத்த 'கொக்குகள் பறக்கின்றன' மறு ஆண்டு கான் விழாவின் தலைமைப் பரிசைப் பெற்றபோது, உலகம் அவரைப் புதியவர் போல் வரவேற்றது.

நுத்சாவுக்கு அத்தகைய இரண்டாம் வாழ்வு கிட்டவில்லை. 1934இல் அவர் 'உஷ்முரி' என்னும் கதைப்படத்தை முடித்தார். கொல்கிஸ் சமவெளியின் சதுப்புநிலத்தை வடித்துப் பயிர்நிலமாக்கும் முயற்சியும், அச்சதுப்பில் உறைவதாக மக்கள் நம்பிய தீய தேவதையும் அதன் பொருள். வெளியுலகில் பேசும்படம் ஆட்சிசெலுத்திய அவ்வாண்டில் அது இன்னும் பேசாப்படமாகவே இருந்தது. அதுவும் விரைவில் முடக்கப்பட்டது. சோசலிச நடப்பியல் ஒன்றே கலைக்கு வழியென எழுத்தாளர் மாநாடு அறிவித்ததும் அதே 1934தான்.

நுத்சாவின் கணவர் லெவான் கோகோபெரிட்ஸே 1930இல் ஜார்ஜியக் கம்யூனிஸ்டுக் கட்சியின் முதற்செயலராக இருந்தவர். 1937இல் அவர் சுட்டுக்கொல்லப்பட்டார். அதே ஆண்டில் நுத்சா கைதாகி, வடபுலத்துத் தண்டனை முகாம்களுக்கு அனுப்பப்பட்டார். பத்தாண்டுகள் அங்கே கழிந்தன. மலைமக்களின் செய்தியை உண்மையாக எழுத வேண்டும் என்று வாதாடிய த்ரெத்யக்கோவும் 1937இல் சுடப்பட்டார். 'எலிசோ'வாக நடித்த கீரா அந்துரோனிக்காஷ்விலியின் கணவர், எழுத்தாளர் போரிஸ் பில்னியாக், 1938இல் சுடப்பட்டார். கீராவும் முகாம் கண்டவரே. ஓவியர் கக்கபாட்ஸே உயிர் தப்பினார். எனினும் 1948இல் உருவவாதக் குற்றச்சாட்டின்பேரில் கலைக் கல்லூரிப் பணியிலிருந்து நீக்கப்பட்டார். பத்தாண்டுக்குமுன் ஒரே நிறுவனத்தின் தாழ்வாரத்தில் ஒருவரையொருவர் கடந்து சென்றிருக்கக்கூடிய ஒரு சிறு கூட்டம் இவ்வாறு சிதறிற்று.

இவர்களின் கதைக்கு எதிர்ப்புறத்தில் நிற்பவர் முன்னே சுட்டிய மிகேய்ல் சியாவுரெலி. 1921இல் தூக்குமரமேறும் புரட்சியாளராக நடித்த அவர், பின்னர் இயக்குநராகி, ஸ்டாலினைப் போற்றும் 'உறுதிமொழி' (1946), 'பெர்லின் வீழ்ச்சி' போன்ற பெரும்படங்களை எடுத்தார். பரிசுகள் பல பெற்றார்.

நுத்சா கைதானபோது மகள் லானாவுக்கு ஒன்பது வயதும் நிறைந்திருக்கவில்லை. உறவினர் அச்சிறுமியை வளர்த்தனர். பத்தாண்டு கழித்துத் தாயும் மகளும் சந்தித்தபோது இருவரும் ஒருவர்க்கொருவர் ஏறத்தாழ அந்நியரே. தாய் மீண்டும் படமெடுக்கவில்லை. மொழியியல் நிறுவனமொன்றில் பணியாற்றி 1966இல் மறைந்தார். முகாம் வாழ்வைப் பற்றி அவர் எழுதிவைத்த கதைகள் உண்டு. மகளோ திரைப்பட இயக்குநரானார். லானா கோகோபெரிட்ஸே 1978இல் எடுத்த 'சொந்த விஷயங்கள் பற்றிச் சில நேர்காணல்கள்' என்ற படத்தின் தலைவி, ஒரு பத்திரிகையாளர். பெண்கள் பலரைக் கண்டு பேசி எழுதுபவர். அவர் நினைவில் ஒரு காட்சி வருகிறது: முகாமிலிருந்து திரும்பும் தாயை மகள் எதிர்கொள்ளும் காட்சி. அதனைத் திரையில் காட்டுதல் அந்நாளில் எளிய செயலன்று. தலைவியாக நடித்தவர் சோபிக்கோ சியாவுரெலி. ஸ்டாலினைப் போற்றிப் படமெடுத்த அதே மிகேய்ல் சியாவுரெலியின் மகள். ஒரு தந்தையின் மகள், மற்றொரு மகளின் துயரைத் தன் முகத்தால் நடித்துக் காட்டினார். இதனை எண்ணிச் செய்தார்களா, இயல்பாக அமைந்ததா என்பது ஒருபுறமிருக்க, ஜார்ஜிய மக்கள் அதனைக் கவனியாது இருந்திரார்.

சோவியத் குடியரசுகளில் எடுக்கப்பட்ட படங்களின் மூலச்சுருள்கள் மாஸ்கோவுக்கு அருகிலுள்ள பேலியே ஸ்தோல்பி காப்பகத்தில் தொகுத்து வைக்கப்பட்டன. 1991இல் ஜார்ஜியா தனிநாடானபின், ஜார்ஜியர்கள் தங்கள் படத்தைப் பார்ப்பதற்கு அயல்நாட்டுக் காப்பகத்தின் கதவைத் தட்ட வேண்டியதாயிற்று. இதில் ஒரு முரண் உண்டு. தடைசெய்த அரசே சுருளை எரிக்காமல் பாதுகாத்தும் வைத்தது. முத்திரையிட்டு, எண்ணிட்டு, குளிரறையில் வைத்திருந்தமையால்தான் தேடியவர்க்குக் கிடைத்தது. 'புபா' 2013 வாக்கில் கிடைத்தது. 'உஷ்முரி' 2018இல் கிடைத்தது. நுத்சாவின் பேத்தி சலோமே அலெக்சியும் இயக்குநரே. ஆக, ஒரு குடும்பத்தில் மூன்று தலைமுறைப் பெண்கள் படப்பெட்டியைக் கையிலெடுத்துள்ளனர். முதல்வரின் படங்களே கடைசியாகத் திரைக்கு வந்தன.

புபாப் பனியாற்றின் அடிவாரத்தில் ஷோவி என்னும் நலவாழ்விடம் உள்ளது. 2023 ஆகஸ்டு 3ஆம் நாள் அப்பள்ளத்தாக்கின் தலைப்பகுதியில் பாறை சரிந்து, சேறும் கல்லும் பெருவெள்ளமாய் இறங்கி ஷோவியை மூடின. முப்பதுக்கு மேற்பட்டோர் இறந்தனர். பனியை ஒரு காட்சிப்பொருளாக மட்டும் காணாது, அருகில் வாழ்வோரை அச்சுறுத்தும் அண்டைவீட்டாரைப் போல் 1930இல் கண்டவர் நுத்சா என்பதை அந்நாளில் நினைத்தோர் இருந்திருப்பர்.

அதே 2023இல் லானா, தாயையும் தன்னையும் பற்றிய 'தாயும் மகளும், அல்லது இரவு ஒருபோதும் முழுமையன்று' என்னும் ஆவணப்படத்தை வெளியிட்டார். தாய் 'புபா'வை எடுத்தது இருபத்தெட்டு வயதளவில். மகள் அச்சுருளைத் தேடிப் பெற்றபோது அவருக்கு வயது 84ஐக் கடந்திருந்தது. 'உஷ்முரி' கிடைத்த ஆண்டில் அவருக்குத் தொண்ணூறு நிறைந்தது.